கற்பனை நாட்டுக்கு ஒரு மொழி: ஊர்ப்பெயரிலிருந்து தொடங்குங்கள்

வன்னியில், மல்லாவிப் பக்கத்திலிருந்து ஒரு தங்கை எழுதியிருக்கிறார். குளங்களும் அடர்காடும் நிறைந்த ஒரு கற்பனை நாட்டில் நடக்கும் நாவல் ஒன்றை எழுதிக்கொண்டிருப்பதாகவும், அந்த நாட்டின் காட்டுக்குடிகளான ‘லாவர்’ பேசுவதற்கென்று ஒரு மொழியை உருவாக்க முயல்வதாகவும், 300 சொற்களைக் கொப்பியில் எழுதி முடித்த பின்னரும் அது மொழியாகத் தோன்றவில்லை என்றும் சொல்கிறார். எடுத்துக்காட்டாக அவர் தந்திருக்கும் வாக்கியம் ‘ஙா மிரு சுவகிறேன்’ என்பது. ஙா என்றால் நான். மிரு என்றால் தண்ணீர். சுவ என்றால் குடி. அடுத்து என்ன செய்வது, தனி எழுத்துகள் வேண்டுமா, நாவலின் பின்பக்கத்தில் அகராதி போட வேண்டுமா என்பன அவருடைய கேள்விகள்.

தங்கச்சி, முதலில் அந்த வாக்கியத்தையே எடுத்துப் பார்ப்போம். ‘சுவகிறேன்’ என்ற சொல்லில் ‘சுவ’ என்ற பகுதி மாத்திரமே உங்களுடையது. நடுவில் நிற்கும் ‘கிறு’ என்ற இடைநிலையும் இறுதியில் நிற்கும் ‘ஏன்’ என்ற விகுதியும் நாங்கள் பள்ளிக்கூடத்தில் நன்னூல் வழியாகப் படித்த அதே தமிழ் உறுப்புகள். சொற்கள் நிற்கும் வரிசையும் தமிழ் வரிசை. எழுவாய், செயப்படுபொருள், பயனிலை என்ற அந்த வரிசை உலக மொழிகளில் மிகப் பரவலாகக் காணப்படுவது என்பதால் அதை வைத்திருப்பதில் குறையொன்றுமில்லை. ஆனால் பழக்கத்தினால் வந்து விழுந்ததா, நீங்கள் தெரிந்து வைத்ததா என்ற கேள்விக்கு உங்களிடம் பதில் இருக்க வேண்டும். குடி என்ற இடத்தில் சுவ என்றும் தண்ணீர் என்ற இடத்தில் மிரு என்றும் வைத்துப் பேசுவதை நம் இலக்கணக்காரர் குழூஉக்குறி என்பார்கள். பொற்கொல்லருக்கும் யானைப்பாகருக்கும் அது போதும். ஒரு நாட்டுக்குப் போதாது.

உங்கள் மக்களின் பெயரையே பாருங்கள். ‘லாவர்’ என்பதன் இறுதியில் நிற்கும் ‘அர்’ தமிழின் பலர்பால் விகுதி. காட்டுக்குடிகள் தங்களைத் தாங்களே அப்படி அழைக்க வழியில்லை. இதை நீக்க வேண்டாம், பயன்படுத்துங்கள். கரையோர வணிகர் அவர்களுக்கு இட்ட பெயர் லாவர் என்றும், அவர்கள் தங்களுக்குள் சொல்லிக்கொள்வது வெறும் ‘லா’ என்றும் வைத்தால், அயலார் இட்ட பெயரும் சொந்தப் பெயரும் வேறாக இருக்கும் உலக வழக்கு உங்கள் நாட்டுக்கும் வந்துவிடும்.

இனி என் ஆலோசனை: 300 சொற்களின் பட்டியலை ஒரு பக்கத்தில் வைத்துவிட்டு, நாட்டின் வரைபடத்தை எடுத்து, அதிலுள்ள ஊர்களுக்கும் குளங்களுக்கும் ஆறுகளுக்கும் பெயர் வையுங்கள். நாவலைப் படிக்கிறவர் உங்கள் மொழியில் அமைந்த முழு வாக்கியத்தை நூறு பக்கத்துக்கு ஒரு முறை காண்பார். ஊர்ப்பெயரையோ ஆட்பெயரையோ பக்கத்துக்குப் பத்து முறை காண்பார். மொழி ஒன்று அந்த நாட்டில் உண்மையாகவே வழங்குகிறது என்ற நம்பிக்கை அவருக்கு அங்கிருந்துதான் பிறக்கிறது. பேச்சு மாறிப்போன பின்னரும் பழைய சொல்லையும் பழைய புணர்ச்சியையும் காப்பாற்றி வைப்பதும் ஊர்ப்பெயரே.

இதற்கு உங்களுக்குப் பாடநூல் தேட வேண்டியதில்லை, வன்னியில் இருக்கிறீர்கள். ஏ9 வீதியில் வவுனியாவிலிருந்து வடக்கே வரும்போது பெயர்ப்பலகைகளை வரிசையாக வாசித்துக்கொண்டு வாருங்கள்: தாண்டிக்குளம், நொச்சிமோட்டை, ஓமந்தை, புளியங்குளம், கனகராயன்குளம், மாங்குளம், பனிக்கன்குளம், முறிகண்டி, கிளிநொச்சி. வீதியை விட்டு உள்ளே போனால் இரணைமடு, விசுவமடு, கற்சிலைமடு, பம்பைமடு, கரிப்பட்டமுறிப்பு, முத்தையன்கட்டு, நெடுங்கேணி, தண்ணீரூற்று என்று வரும். இந்தப் பெயர்களின் பின்பாதியை மட்டும் தனியே எடுத்து எழுதினால் குளம், மோட்டை, மடு, முறிப்பு, கட்டு, கேணி, ஊற்று என்று நீர் நிற்கும் விதங்களும், நீரை மறிக்கும் விதங்களும், மறித்தது உடைந்த விதமும் ஒரு வகைப்பாடாக வந்து நிற்கின்றன. முன்பாதியில் மரம், பறவை, ஆள். ஆற்றுநீரை நம்பி வாழாமல் மாரிமழையைத் தேக்கி வைத்துக் கோடையைக் கடக்கும் ஒரு சமூகம் எதையெல்லாம் வேறுபடுத்திப் பார்த்தது என்பதை ஒரு வரலாற்று நூல் சொல்வதைவிடச் சுருக்கமாக இந்தப் பெயர்கள் சொல்லிவிடுகின்றன. உங்கள் லா மக்களும் குளத்தை நம்பியவர்களாக இருந்தால் தண்ணீருக்கு மிரு என்ற ஒற்றைச் சொல் போதுமா என்று யோசியுங்கள். மணலில் தோண்டிய பூவலில் ஊறும் நீருக்கும், குளம் நிரம்பி வான் பாய்ந்து போகும் நீருக்கும், கோடையில் அலைகரை பின்வாங்கிய பிறகு சேற்றோடு கிடக்கும் நீருக்கும் அவர்கள் ஒரே சொல்லையா சொல்வார்கள்?

புளியங்குளம் என்ற பெயரில் சற்று நின்று பார்க்கலாம். புளி, குளம் என்ற இரண்டு சொற்கள் சேரும்போது நடுவில் ‘அம்’ ஒன்று எங்கிருந்தோ வந்து நிற்கிறது. புளி மரத்தைக் குறிக்கும்போது அம் சாரியை வரும் என்று தொல்காப்பியம் தனிச் சூத்திரமே செய்திருக்கிறது. சுவையைக் குறிக்கும் புளிக்கு அம் வராது, மெல்லெழுத்து மட்டும் மிகும் என்று அடுத்த சூத்திரம் சொல்கிறது. ஆகவே மரத்தின் கொம்பு புளியங்கொம்பு. சுவையுள்ள கூழ் புளிங்கூழ். எழுதும்போது ஒன்றாக இருக்கும் இரண்டு சொற்கள், இன்னொரு சொல்லோடு சேரும்போது மாத்திரம் தாங்கள் வேறென்று காட்டிக்கொள்கின்றன. யாரும் உட்கார்ந்து திட்டமிட்டு இப்படி ஒரு நுணுக்கத்தைச் செய்யவில்லை. பல தலைமுறையின் வாய்கள் செய்த வேலை இது. கற்பனை மொழியில் குறைவது பெரும்பாலும் இந்த வகைத் தேய்மானமே. புதிதாக மொழி செய்கிறவர்கள் எல்லா விதிகளையும் எல்லாச் சொற்களுக்கும் ஒரே மாதிரி பொருத்திவிடுகிறார்கள். அப்படிச் செய்த மொழி யாரும் பேசிப் பழகாத மொழியாகவே காதில் விழும்.

தேய்மானத்தைச் செயற்கையாக உண்டாக்க ஒரு வழி இருக்கிறது. உங்கள் சொற்களை இன்றைய லா மொழியாகக் கருதாமல், ஐந்நூறு ஆண்டுகளுக்கு முந்தைய லா மொழியாகக் கருதுங்கள். பிறகு இரண்டே இரண்டு ஒலிமாற்றங்களை வரிசைப்படி நடத்துங்கள். முதலாவது, இரண்டு உயிர்களுக்கு இடையில் தனித்து நிற்கும் ககரம் மறைந்து, இரண்டு உயிர்களும் ஒன்றாகிவிடும். அகரமும் உகரமும் சேர்ந்தால் ஓகாரம். இரண்டாவது, சொல்லின் இறுதியில் நிற்கும் குற்றுயிர் விழுந்துவிடும். மரத்துக்குப் பழைய சொல் ‘தகு’ என்றும் கல்லுக்குப் பழைய சொல் ‘மகு’ என்றும் வைத்துக்கொள்வோம். முதல் மாற்றத்தால் இவை ‘தோ’, ‘மோ’ ஆகின்றன. இறுதி நெடில் ஆகிவிட்டதால் இரண்டாவது மாற்றம் இவற்றைத் தொடாது. தண்ணீர் ‘மிரு’ இரண்டாவது மாற்றத்தால் ‘மிர்’ ஆகிறது. வரிசையை மாற்றி, இறுதி உயிரை முதலில் விழுத்தியிருந்தால் தகு ‘தக்’ ஆகியிருக்கும். இரு உயிர்களுக்கு இடையில் இல்லாத ககரம் பிழைத்திருக்கும். இன்றைய மொழி முற்றிலும் வேறாக வந்திருக்கும். எது முதலில் நடந்தது என்பதை நீங்கள் முடிவு செய்து எழுதி வைத்துவிட வேண்டும்.

பழைய லா மொழியில் பன்மைக்கு நடுவிலுள்ள வல்லெழுத்தை இரட்டித்து இறுதியில் ‘ன்’ சேர்ப்பது வழக்கம் என்று இப்போது வைப்போம். மரங்கள் ‘தக்குன்’; கற்கள் ‘மக்குன்’. இரட்டித்த ககரத்துக்கு மறையும் விதி பொருந்தாது. எனவே இன்றைய பேச்சில் ஒரு மரம் தோ, பல மரங்கள் தக்குன். ஒரு கல் மோ, பல கற்கள் மக்குன். வெளியிலிருந்து வந்து மொழி படிக்கிறவனுக்கு இது பைத்தியக்காரத்தனமாகத் தெரியும். உள்ளூர்ப் பிள்ளைக்கு இதில் விசித்திரம் ஒன்றும் தெரியாது. நீங்கள் செய்தது இரண்டு விதி மட்டுமே. விதிவிலக்குகள் தாமாகப் பிறந்துவிட்டன.

ஊர்ப்பெயருக்கு வருவோம். மரத்தடிக் குளம் ஒன்றின் பழைய பெயர் ‘தகுமிரு’. அது பேச்சில் ‘தோமிர்’ ஆகிவிட்டது. ஆனால் கல்லில் வெட்டியவன் பழைய வழக்கில் தகுமிரு என்றே வெட்டி வைத்திருக்கிறான். உங்கள் கதாநாயகி காடேறிப் போய், தாத்தா சொன்ன தகுமிரு என்ற இழந்த நகரத்தை நாவலின் பாதிவரை தேடிவிட்டு, அது தான் பிறந்து வளர்ந்த தோமிர்தான் என்று கண்டுகொண்டால், மொழி அலங்காரமாக நிற்காமல் கதையை நடத்தும் ஒன்றாகிவிடும். இதற்குச் சான்றான பெரிய முன்மாதிரி ‘லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ எழுதிய ஜே. ஆர். ஆர். டோல்கீன். மொழிநூல் பேராசிரியரான அவர் தம் கற்பனை உலகுக்கு ஒரு மூலமொழியை அமைத்து, அதிலிருந்து வெவ்வேறு ஒலிமாற்றங்களால் இரண்டு கிளைமொழிகளைப் பிரித்தார். ஒன்றுக்குப் பின்னிஷ் மொழியின் சாயலும் மற்றதற்கு வெல்ஷ் மொழியின் சாயலும் உண்டு. மரத்துக்கு ஒன்றில் ‘அல்டா’, மற்றதில் ‘கலத்’. முதல் மொழி சொல்முதல் மெய்யை இழந்தது. இரண்டாவது இறுதி உயிரை இழந்தது. இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் மூலச்சொல் தெரியும். மொழிகளுக்கு இருப்பிடம் வேண்டுமென்றே கதைகளைச் செய்தேன் என்ற பொருளில் அவரே சொல்லியிருக்கிறார். நீங்கள் அவ்வளவு தூரம் போக வேண்டியதில்லை.

மக்கள் தங்கள் ஊரின் பெயருக்குச் சொல்லும் காரணக் கதைகளையும் மறக்க வேண்டாம். ஒட்டுசுட்டானில் குரக்கன் ஒட்டுகளுக்குத் தீ வைத்தபோது சிவலிங்கம் வெளிப்பட்டது என்பது தான்தோன்றீஸ்வரர் கோயிலின் ஐதீகம். ஊரின் பெயரும் அந்தக் கதையும் ஒன்றையொன்று தாங்கி நிற்கின்றன. தோமிர் ஊரார் தங்கள் ஊரின் பெயருக்கு மரத்தோடு தொடர்பே இல்லாத, ஆனால் அவர்கள் மனமார நம்பும் ஒரு கதையை வைத்திருக்கட்டும்.

ஒலிகளைப் பற்றி: எந்த ஒலி விசித்திரமாகக் கேட்கும் என்பது கேட்கிற காதைப் பொறுத்தது. ஸ்டார் ட்ரெக் படங்களுக்காகக் கிளிங்கன் மொழியை உருவாக்கிய மார்க் ஓக்ராண்ட், அமெரிக்கக் காதுக்கு அந்நியமாகப் படவேண்டும் என்று தேர்ந்தெடுத்த ஒலிகளில் ஒன்று நாவை மடித்து ஒலிக்கும் டகரம். நமக்கு அது வீட்டு ஒலி. தமிழ் வாசகருக்கு அந்நியம் தோன்ற வேண்டுமானால் ஒலியைப் புதிதாகத் தேடுவதைவிட, தெரிந்த ஒலியை இருக்கக்கூடாத இடத்தில் வைப்பது நல்லது. ட, ண, ர, ல, ழ, ள, ற, ன என்பன தமிழில் சொல்லுக்கு முதலாக வாரா. அதனால்தான் இராமன், இலங்கை, உலோகம் என்று முன்னால் உயிரைச் சேர்த்து எழுதினோம். லா என்ற உங்கள் குடிப்பெயர் எந்த முயற்சியும் இல்லாமல் வெளியூர்க்காரனாக நிற்பதன் காரணம் இதுவே. ஙா என்பதும் நல்ல தேர்வு. ஙகரத்தை நன்னூல் சொல்முதலாக ஏற்றுக்கொண்டாலும் ‘ஙனம்’ தவிர அதற்கு வாழ்வில்லை.

தமிழெழுத்தில் அச்சாகும் நாவலில் இன்னொரு கட்டுப்பாடும் இருக்கிறது. ககரத்தைச் சொல்முதலில் ஒரு விதமாகவும் நடுவில் இன்னொரு விதமாகவும் நாங்கள் தாமாகவே வாசித்துவிடுவோம். ஆகவே வல்லொலிக்கும் மெல்லிய ஒலிக்கும் இடையில் பொருள் வேறுபாடு வைத்து நீங்கள் ஒரு மொழியைச் செய்தால் அது பக்கத்தில் தெரியவே தெரியாது. சில ஆங்கில மாயக்கதைகளைப் பார்த்து, பெயர்களுக்கு நடுவில் மேற்கோள் குறியைச் செருகும் பழக்கத்தையும் இங்கே கொண்டுவர வேண்டாம். அது அச்சுப் பிழை போலத்தான் இருக்கும்.

இலக்கணத்தில் எல்லாவற்றையும் புதிதாக்க முனைய வேண்டாம். உங்கள் மக்களுடைய வாழ்க்கை கட்டாயமாகக் கேட்கும் ஒரு வேறுபாட்டைத் தேர்ந்தெடுத்து, அதை விட்டுவிட்டு வாக்கியமே பேச முடியாதபடி செய்யுங்கள். காட்டோரத்தில் வாழ்கிறவர்களுக்கு நான் தேர்ந்தெடுக்கக்கூடிய வேறுபாடு, சொல்கிறவருக்குச் செய்தி எப்படித் தெரியவந்தது என்பது. ஆனை வந்தது என்று ஒருவர் சொன்னால், கண்ணால் கண்டாரா, இரவில் பரணில் இருந்தபடி கொப்பு முறியும் சத்தத்தைக் கேட்டாரா, காலையில் வேலி சாய்ந்து கிடப்பதையும் வரம்பில் பதிந்த தடத்தையும் பார்த்துச் சொல்கிறாரா என்பது வயல்காரருக்கு மூன்று வேறு செய்திகள். முதலாவதற்கு ஓட வேண்டும். இரண்டாவதற்கு வெடி கொளுத்த வேண்டும். மூன்றாவதற்கு நட்டத்தைக் கணக்குப் பார்க்கலாம். தென்னமெரிக்காவின் கெச்சுவா மொழியில் நேரே அறிந்தது, பிறர் சொல்லி அறிந்தது, ஊகித்தது என்ற மூன்றுக்கும் தனித்தனி ஒட்டுகள் உள்ளன. தமிழில் ‘வந்ததாம்’ என்ற ‘ஆம்’ இதில் ஒரு பங்கைச் செய்கிறது. ஆனால் நாங்கள் அதை விட்டுவிட்டும் பேசலாம்.

லா மொழியில் விடமுடியாது என்று வையுங்கள். கண்டதற்கு ‘லா’, கேட்டதற்கு ‘ஙோ’, தடத்தால் அறிந்ததற்கு ‘தே’. வருதலுக்கு ‘உர’, ஆனைக்கு ‘துமன்’. துமன் உரலா; துமன் உரஙோ; துமன் உரதே. கண்டதற்கான ஒட்டும் குடிப்பெயரும் ஒரே ஒலியில் அமைவதை நீங்கள் தற்செயல் என்று விட்டுவிடலாம். ‘நாங்கள் கண்டு பேசுகிறவர்கள்’ என்று லா மக்கள் பெருமையடிப்பதாகவும் எழுதலாம். மூவிடத்தைக் காட்டும் விகுதிகளை எடுத்துவிடுங்கள். மலையாளத்தில் அவை உதிர்ந்துவிட்டன. ஞான், நீ, அவன் எல்லாருக்கும் ஒரே வினைவடிவம். அதனால் அந்த மொழிக்கு ஒரு குறையும் வரவில்லை. அப்படியானால் உங்கள் முதல் வாக்கியம் ‘மிர் சுவலா’ என்று சுருங்கிவிடும். குடித்தவர் யார் என்பது சூழலில் தெரியும். யாரோ ஒருவர் குடித்ததைப் பார்க்காமல், குவளை காலியாக இருப்பதைக் கண்டு சொன்னால் ‘மிர் சுவதே’.

கதைக்கு இதனால் என்ன பயன் என்று கேட்பீர்கள். எல்லைக் காவலன் ஒருவன் பகைப்படை வருவதைக் காணாமலே, அரசனிடம் ‘உரலா’ என்று சொன்னால் அது அந்த நாட்டின் சட்டப்படி பொய்ச்சாட்சி. அவன் ‘உரஙோ’ என்று சொல்லியிருந்தால் போர் தொடங்கியிராது. ஓர் ஒட்டில் ஒரு நாட்டின் தலைவிதி தொங்கக்கூடும். கண்டதற்கும் கேள்விப்பட்டதற்கும் இடையிலுள்ள தூரம் எவ்வளவு என்பதை வன்னியில் 2009 ஐக் கடந்து வந்த எந்த வாசகருக்கும் நீங்கள் விளக்க வேண்டி வராது.

திசைச் சொற்களையும் அப்படியே அவர்களுடைய நிலத்திலிருந்து எடுக்கலாம். அவுஸ்திரேலியாவின் கூகு யிமிதிர் மொழியில் இடம், வலம் என்று சொல்லாமல் வடக்கு, தெற்கு என்றே உடம்பையும் பொருள்களையும் குறிப்பார்கள். கனகராயன் ஆற்றை மறித்த இரணைமடு போன்ற பெருங்குளத்தின் கீழ் வாழும் மக்களுக்குக் கட்டுப்பக்கம், அலைகரைப்பக்கம், துருசுப்பக்கம் (மதகுப்பக்கம்), வான்பக்கம் (மிகைநீர் வழியும் பக்கம்) என்ற நான்கும் திசைகளாகப் போதும். இந்த ஊரைவிட்டு அடுத்த குளத்துக்குப் போனவனுக்குத் திசையே மாறிப்போகும் என்பது கூடுதல் இலாபம். எண்களை விரைவாக முடித்துக்கொள்ளுங்கள். அவதார் படத்துக்காக போல் ஃபுரோமர் செய்த நாவி மொழியில், அந்த மக்களுக்குக் கைக்கு நான்கு விரல்கள் என்பதால் எண்ணிக்கை எட்டின் அடுக்காக நடக்கும். லா மக்களுக்கு ஐந்து விரல் என்றால் பத்தையே வைத்துவிட்டு அடுத்த வேலையைப் பாருங்கள்.

உறவுச்சொற்களில் கவனமாக இருக்க வேண்டும். உங்கள் 300 சொற்களில் மச்சான், மச்சாள், சித்தப்பா, பெரியப்பா, மாமி என்று நம் முறைகள் அத்தனைக்கும் ஒவ்வொரு சொல் இருக்கக் காண்கிறேன். அத்தை மகளும் சித்தப்பா மகளும் வேறு வேறு முறை என்பது நம்முடைய மண உறவு வழக்கத்தின் விளைவு. லா மக்கள் எப்படி மணம் முடிக்கிறார்கள் என்பதை முதலில் தீர்மானித்தால் உறவுச்சொற்கள் தாமாக அமையும். பாதி குறைந்தாலும் குறையும்.

ஒரே மக்கள் இடத்துக்கு ஏற்ப வேறு சொல் பேசுவதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். சூடு அடிக்கும் களத்தில் நெல்லை நெல் என்று சொல்லாமல் பொலி என்று சொல்லும் வழக்கம் நம்மிடம் இருந்தது; களத்துக்கென்று தனிச்சொற்கள் சிங்கள விவசாயிகளிடமும் உண்டு, அதைக் கமத் பஸ என்பார்கள். தீய ஆவிகள் கேட்டுவிட்டால் விளைவு குறைந்துவிடும் என்ற அச்சம் இதன் வேர். இப்போது வெட்டும் இயந்திரம் வயலுக்குள்ளேயே நெல்லைப் பிரித்துக் கொட்டிவிடுகிறது. களம் போனதோடு களத்துப் பேச்சும் போய்க்கொண்டிருக்கிறது. இலங்கை வேடர் காட்டுக்குள் வேட்டையாடப் போகும்போது விலங்குகளுக்கு வழக்கமான பெயரை விட்டு வேறு பெயர் சொல்வதை 1911 இல் வெளியான செலிக்மன் தம்பதியரின் நூல் பதிந்திருக்கிறது. ரஷ்ய மொழியில் கரடியின் பழைய பெயரே மறைந்து, ‘தேன் தின்னி’ என்று பொருள்படும் சொல் அதன் பெயராக நிலைத்துவிட்டது. பாலைப்பழக் காலத்தில் நம் காட்டுக்குள் போகிறவர்களுக்கு அந்தக் கரடிப் பயம் புதிதன்று.

கதை எழுதுகிறவருக்கு இதில் ஒரு சிக்கனமும் உண்டு. வடகிழக்கு அவுஸ்திரேலியாவின் டிர்பல் மக்கள், மாமியார் போன்ற விலகி நடக்க வேண்டிய உறவினர் முன்னிலையில் பேசுவதற்கு ஒரு தனிப்பேச்சை வைத்திருந்தார்கள். ஒலிகளும் இலக்கணமும் அன்றாடப் பேச்சுக்கு உரியவையே. சொற்கள் மட்டும் வேறு. அவையும் எண்ணிக்கையில் மிகக் குறைவு. அன்றாடப் பேச்சின் பல சொற்களுக்கு இங்கே ஒரு சொல்லே நின்று வேலை செய்யும். நீங்களும் முப்பது சொல்லில் ஒரு காட்டுப்பேச்சைச் செய்துவிடலாம். காட்டுக்குள் கரடியை அதன் பெயர் சொல்லி அழைத்தவனை மற்றவர்கள் திரும்பிப் பார்க்கும் ஒரு கணம் போதும். அவன் வெளியாள் என்று நீங்கள் எழுத வேண்டியதில்லை.

கடன்சொற்கள் ஒன்றிரண்டாக வருவதில்லை; தொழிலோடு கூட்டமாக வரும். போர்த்துக்கேயர் வழியாக நமக்கு மேசை, கதிரை, வாங்கு, அலுமாரி, சப்பாத்து, பாண் என்று வீட்டுப் பொருளும் உணவும் வந்தன. ஒல்லாந்தர் வழியாகக் கந்தோர் வந்தது. உழவிலும் குளத்திலும் அவர்கள் சொல் அவ்வளவாக ஒட்டவில்லை, ஏனென்றால் அவற்றை அவர்களிடமிருந்து நாங்கள் கற்கவில்லை. கரையோர வணிகர் லா மக்களுக்கு உப்பையும் துணியையும் இரும்பையும் கொண்டுவந்தால் அந்த மூன்று துறையின் சொற்களிலும் வணிகரின் ஒலிகள் தெரியட்டும். லா மொழிக்கு இயல்பில்லாத டகரம் அவற்றில் மட்டும் வரட்டும். மரத்துக்கும் தேனுக்கும் தடத்துக்கும் உரிய சொற்களில் ஒரு கடன்சொல்லும் இருக்க வேண்டாம்.

எத்தனை சொல் வேண்டும் என்ற கேள்விக்கு: 2015 இல் வெளியான பாகுபலி படத்துக்காக மதன் கார்க்கி உருவாக்கிய கிளிக்கி மொழி ஏறத்தாழ 750 சொற்களும் 40 இலக்கண விதிகளும் கொண்டதாகச் சொல்லப்பட்டது. அதில் நான் என்பதற்கு ‘மின்’, நீ என்பதற்கு அதைத் திருப்பிப்போட்ட ‘நிம்’. திரையில் நடிகர் ஆவேசமாகப் பேசும்போது பொருள் முகத்திலும் தெரிவதால் அந்த விளையாட்டுத்தனம் அங்கே நன்றாகவே வேலை செய்தது. ஐந்நூறு ஆண்டு வரலாறு கொண்டதாக நீங்கள் காட்டும் மொழியில் அதைச் செய்ய வேண்டாம். யாரோ ஒருவர் உட்கார்ந்து செய்தார் என்பது உடனே தெரிந்துவிடும். படத்தில் பேச்சு ஓடிக்கொண்டே இருக்க வேண்டியிருப்பதால் அவர்களுக்குச் சொல் நிறைய வேண்டும். நாவலுக்கு வரைபடத்திலுள்ள பெயர்களைப் பிரித்தால் கிடைக்கும் நூறு, நூற்றைம்பது வேர்கள் போதும். ஒவ்வொரு வேருக்கும் பழைய வடிவம், இன்றைய வடிவம், பன்மை என்று கொப்பியில் மூன்று பத்தி போட்டு எழுதிக்கொள்ளுங்கள்.

எழுத்துகளை வரையும் ஆசை எல்லாருக்கும் வரும். வரையலாம். ஆனால் அச்சில் வரப்போவது தமிழெழுத்து என்பதால் முழு நெடுங்கணக்கு தேவைப்படாது. தகுமிரு என்று கல்லில் வெட்டிய நான்கு எழுத்துகளை வரைந்தால் அந்தக் காட்சிக்குப் போதும். உளியால் கல்லில் வெட்டியதானால் கோடுகள் நேராக இருக்கட்டும்; ஓலையில் எழுத்தாணியால் எழுதும் மக்களானால் நேர்கோடு ஓலையைக் கிழித்துவிடும் என்பதால் வளைவாக இருக்கட்டும்.

அகராதி போடலாம், நான்கு பக்கத்துக்கு மேல் வேண்டாம். வாசகர் கதையின் நடுவில் பின்பக்கத்தைப் புரட்டித்தான் ஒரு வாக்கியத்தை விளங்க வேண்டும் என்ற நிலை வந்தால் அந்த வாக்கியத்தைத் திருத்துங்கள். ஒருவர் பேச, மற்றவர் செய்யும் செயலில் பொருள் தெரிந்துவிட வேண்டும். அகராதியில் இன்றைய வடிவங்களை மட்டும் கொடுங்கள். தகு என்றால் மரம், மிரு என்றால் நீர் என்று பழைய வடிவங்களையும் அச்சிட்டுவிட்டால், கதாநாயகி காட்டுக்குள் கால்வைப்பதற்கு முன்பே கெட்டிக்கார வாசகர் ஒருவர் தோமிரைக் கண்டுபிடித்துவிடுவார்.